புகைக்கோடு வழியல்ல

கிள்ளியாற்றங்கரையில் கயிறு சேர்த்து வைக்கும் கிட்டங்கி எரிந்ததற்கு நான்தான் காரணம் என்று காகிதம் எழுதி வைத்திருந்தார்கள். என் கையெழுத்து ஒன்றுதான் பாக்கி.

அரிசி மில் முதலாளி ஆவுடைநாயகம் பிள்ளை அதைத் திருப்பி என் பக்கமாகத் தள்ளினார்.

"போட்டுரு தங்கையா. செவ்வாக்கிழமை காலையில தீயை அதிகமாக் கிளறிட்டேன், சிம்னி வழியாப் பொறி பறந்துட்டு, அவ்வளவுதான் எழுதியிருக்கு. போலீஸ் கேஸ் வராம நான் பாத்துக்கிடுதேன். உன் சீட்டுதான் போகும். போகட்டும், வாசல்ல காவலுக்கு இரு."

"போறது என் சீட்டுதானே. உங்க மில்லு இல்லையே."

"ஏன்வே, உன் நல்லதுக்குச் சொன்னா..."

"என் நல்லதுக்கு நீங்க காகிதம் எழுதுனதா எனக்கு ஞாபகம் இல்ல."

சீட்டு என்றால் பாய்லர் முன்னால் நிற்பதற்கு சர்க்கார் கொடுக்கும் சீட்டு. அது போனால் திருவிதாங்கூரில் எந்த மில்லிலும் நான் தீ போட முடியாது. முப்பத்தொரு வருஷம் நின்றிருக்கிறேன். மூன்றாம் பாரத்தோடு பள்ளிக்கூடம் முடிந்தது. அதற்கப்புறம் படித்ததெல்லாம் அந்த அடுப்பு வாயில்தான். எனக்கு ஆயுசில் சொந்தமாக இருந்தது அந்தச் சீட்டு ஒன்றுதான். அதைக் கொண்டுபோய், எரிந்த கிட்டங்கியின் சொந்தக்காரரிடம் சமாதானத்துக்குக் கொடுக்கப் பார்த்தார்கள். கிட்டங்கிக்காரர் பெரிய கை. முதலாளிக்கு அவரோடு வழக்குப் போட முடியாது. என்னோடு முடியும்.

கொல்லம் ஆண்டு ஆயிரத்து நூற்றுப் பதினைந்து, கும்ப மாசம். தீ பிடித்தது செவ்வாய். நான் சொல்வது வெள்ளிக்கிழமை காலையில் நடந்தது.

பாய்லர் இன்ஸ்பெக்டர் வந்து நாற்காலியில் உட்கார்ந்தார். கூடவே காலேஜில் சயன்ஸ் வாத்தியார் பஞ்சாபகேசன். ஸ்ரீவராகத்துப் பிராமணர், முப்பது வயசிருக்கும், நெற்றியில் விபூதி, கையில் ஒரு தடிப் புத்தகம். புகையைப் பற்றி அபிப்பிராயம் சொல்ல அவரை இன்ஸ்பெக்டரே அழைத்து வந்திருந்தார். படித்தவன் ஒருத்தனைக் கூட்டிக்கொண்டு வந்தாலே தீர்ப்பு முன்கூட்டியே எழுதியாகிவிட்டது என்று எனக்குத் தெரியும்.

இன்ஸ்பெக்டர் மலையாளி, தமிழும் கலந்து பேசுவார். ஒரு போட்டோவை மேசைமேல் வைத்தார்.

"தங்கையா, இது ஸ்டூடியோக்காரன் சாலைக் கடைத்தெருவில ஒரு ஜவுளிக்கடை மாடியில நின்னு எடுத்தது. கிட்டங்கி எரியுன்னதைப் படம் பிடிக்கப் போனான், உன் புகையும் கூடே விழுந்தது. போட்டோ பொய் பறயுமோ?"

பார்த்தேன். படம் நன்றாகத்தான் விழுந்திருந்தது. எங்கள் சிம்னியிலிருந்து புகை கிளம்பித் தென்கிழக்கே கிள்ளியாற்றுப் பக்கம் போகிறது. கிட்டங்கி மேலே போய், அங்கே அரிவாள் மாதிரி வளைந்து, மேற்காகத் திரும்பி, மணக்காட்டுத் தென்னைகளுக்கு மேலே போய் முடிகிறது. கீழே கிட்டங்கி எரிகிறது.

பஞ்சாபகேசன் விரலை அந்தப் புகைமேல் வைத்து, சிம்னியிலிருந்து மெள்ள ஓட்டினார்.

"இது காத்தோட பாதை. ஸ்ட்ரீம்லைன்னு சொல்லுவோம். புகை இப்படியே கிள்ளியாத்துக்குப் போய், கிட்டங்கி மேல வளைஞ்சு, மணக்காட்டுக்குப் போயிருக்கு. படம் எடுத்தது பத்தே கால். நுனிப் புகை இவ்வளவு தூரம் சுத்திண்டு மணக்காடு சேர இருபது நிமிஷமாவது ஆகும். அப்போ, தீ தெரிஞ்ச பத்து மணிக்கு முன்னாலேயே கிட்டங்கி மேல புகை போயிண்டிருந்திருக்கு. புகை போனா பொறியும் போயிருக்கலாம்."

"கேட்டாயல்லோ?" என்றார் இன்ஸ்பெக்டர்.

"கேட்டேன். சாமி, நுனியில நிக்கிற புகை கிட்டங்கிக்கு மேல போகவே இல்ல."

"படத்துலதான் தெரியறதே!"

"படத்துல கோடு தெரியுது. நடந்தது தெரியல்ல."

முதலாளி சிரித்தார். "ஏ, சயன்ஸ் வாத்தியாருக்கே பாடம் சொல்லுதியாவே?"

எனக்குக் கோபம் வந்தால் சத்தம் குறையும். குறைத்தேதான் சொன்னேன். நம் மில் கேட்டிலிருந்து கூலியாட்கள் ஒருத்தன் பின்னால் ஒருத்தனாக வெளியே வருகிறார்கள். வந்தவன் எல்லாம் தென்மேற்கே ஸ்ரீவராகத்தைப் பார்த்து நடக்கிறான். வரிசை நேராக இருக்கிறது. திடீரென்று ஒரு விசில். வெளியே நிற்கிற அத்தனை பேரும், முன்னால் போனவன் நடுவில் போனவன் எல்லாரும், அந்தந்த இடத்திலிருந்தே கிழக்கே திரும்பித் தென்கிழக்காக நடக்கிறான். அதற்கப்புறம் கேட்டிலிருந்து வருகிறவனும் தென்கிழக்கேதான் போகிறான். பத்து நிமிஷம் கழித்து மாடியில் நின்று வரிசையைப் பார். கேட்டிலிருந்து கிள்ளியாற்றுப் பக்கம் போய், வளைந்து, மணக்காட்டில் முடியும். ஆனால் மணக்காட்டில் நிற்கிறவன் கிள்ளியாற்றை எட்டிக்கூடப் பார்க்கவில்லை. அவன் ஸ்ரீவராகம் போய்த் திரும்பி வந்தவன். வரிசை வளைந்த வழியில் ஒருத்தனும் நடக்கவில்லை.

"இங்க காலையில தரைக்காத்து. பத்து மணி சுமாருக்குக் கடல்காத்து. அதுதான் விசில். செவ்வாக்கிழமை பத்தடிச்சு அஞ்சு நிமிஷத்துக்குத்தான் திரும்புச்சு. அதுக்கப்புறம் கிளம்பின புகை கிட்டங்கிப் பக்கம் போய்ச் சேரும்போது, அங்க தீ பிடிச்சு கூரை ஓலை எல்லாம் போயாச்சு."

பஞ்சாபகேசன் போட்டோவை மறுபடி தன் பக்கம் இழுத்துப் பார்த்தார். முகம் கொஞ்சம் மாறிற்று.

"வாயால சொன்னா ஆச்சா?" என்றார் முதலாளி.

"வாயால வேண்டாம். இப்போ மணி ஒம்பதரை. மாடிக்கு வாங்க. நம்ம அடுப்புல உமி, புகை வெளுப்பு. அதுக்கு நடுவுல ஒரே ஒரு கூடை கொல்லாங்கொட்டைத் தோடு, எண்ணெய் கசியுற முந்திரித் தோடு, போடுதேன். ஒரே ஒரு கறுப்பு உருண்டை வெளிய போகும். அது நடக்கிறதைக் கண்ணால பாருங்க. அது கிட்டங்கிக்கு மேல போச்சுன்னா, கையெழுத்து என்ன, பெருவிரலையே வெட்டித் தாரேன்."

"இன்னொரு கிட்டங்கியும் எரியணுமா உனக்கு? முடியாது!"

"முடியாதுன்னு காகிதத்துல எழுதுங்க முதலாளி. தங்கையன் காட்டுதேன்னான், நான் தடுத்தேன்னு எழுதிக் கையெழுத்துப் போடுங்க. எனக்கு அது போதும்."

இன்ஸ்பெக்டர் காகிதத்தை ஓரமாக வைத்தார். பிறகு எழுந்து தொப்பியை எடுத்தார். "நோக்காம், வா மாடிக்கு," என்றார்.

காற்று அன்றைக்குத் திரும்பாமல் போயிருந்தால் நான் செத்தேன். சில நாள் பதினொன்று வரைக்கும் இழுத்தடிக்கும். அதை நான் யாரிடமும் சொல்லவில்லை. அவர்கள் எனக்கு எதைத்தான் முன்கூட்டிச் சொன்னார்கள்?

ஒன்பது ஐம்பதுக்கு அடுப்புக் கதவைத் திறந்து கூடையைக் கவிழ்த்தேன். தினம் அந்த நேரத்துக்குத்தான் தீயைக் கிளறுவேன், செவ்வாய்க்கிழமையும் அப்போதுதான் கிளறினேன். கதவை மூடிவிட்டு, நெல் காயப்போடும் மொட்டைமாடிக்கு ஓடினேன். அவர்கள் மூன்று பேரும் வெயிலில் கண்ணுக்கு மேல் கையை வைத்துக்கொண்டு நின்றார்கள்.

வெள்ளைப் புகையில் மைக்கூடு கொட்டின மாதிரி ஒரு கறுப்பு உருண்டை வெளியே வந்தது. தென்மேற்கே நகர்ந்தது. அட்டக்குளங்கரையைத் தாண்டிற்று. கோட்டை மணிக்கூண்டில் மேத்தன் மணி பத்து அடித்தது. உருண்டை ஸ்ரீவராகத்துக்கு மேலே, பாய் அகலத்துக்குப் பரந்து நின்றது. காற்றில்லை.

"நின்னு போச்சே," என்றார் முதலாளி.

"நில்லுங்க."

மூன்று நிமிஷமா, நாலா. எனக்கு அது முப்பத்தொரு வருஷம். அப்புறம் மேற்கே தென்னைகளின் தலைகள் ஒன்று, இரண்டு, பத்தாகக் கிழக்கே சாய்ந்தன. என் முதுகு வியர்வை குளிர்ந்தது. கடல்காற்று.

சிம்னி வாயில் புகை சட்டென்று திரும்பிக் கிள்ளியாற்றைப் பார்த்துக் கிளம்பிற்று. தூரத்தில் கறுப்பும் திரும்பிற்று. ஸ்ரீவராகத்தை விட்டு மணக்காட்டுப் பக்கமாக வந்தது. புதுப் புகை ஒரு பக்கம் நீள, பழைய புகை முழுசும் ஒட்டுமொத்தமாகக் கிழக்கே தள்ள, ஆகாசத்தில் அதே அரிவாள் விழுந்தது. போட்டோவில் இருந்த அதே வளைவு. நுனியில், மணக்காட்டுத் தென்னைகளுக்கு மேலே, கலைந்துபோன கறுப்பு.

பஞ்சாபகேசன் விரலைத் தூக்கி, புகைக்கோட்டின்மேல் ஒரு தரம் ஓட்டினார். பிறகு கறுப்பு வந்த வழியில் ஒரு தரம் ஓட்டினார். முதல் தரம் விரல் கிழக்கே போய் வளைந்தது. இரண்டாவது தரம் மேற்கே போய் வளைந்தது.

"தப்பு பண்ணிட்டேன்," என்றார். "இது ஸ்ட்ரீம்லைன் இல்லை."

மாடிப்படியிலேயே உட்கார்ந்து புத்தகத்தைப் புரட்டினார். ஜெர்மன்காரன் எழுதி இங்கிலீஷில் வந்ததாம். பக்கம் கிடைத்ததும் இன்ஸ்பெக்டரைப் பார்த்துச் சொன்னார்: "இதுக்கு ஸ்ட்ரீக்லைன்னு பேர். ஒரே வாய் வழியா வெளியே வந்ததெல்லாம் இந்த க்ஷணத்துல எங்கெங்க நிக்கறதோ, அதைச் சேர்த்த கோடு. ஒரு துளி நடந்த வழி வேற, அது பாத்லைன். இந்த நிமிஷம் காத்து எந்தெந்தத் திசையைப் பாக்கறதுன்னு வரையற கோடு வேற, அதுதான் ஸ்ட்ரீம்லைன். காத்து மாறாம அடிச்சா மூணும் ஒண்ணுமேல ஒண்ணு படுத்திருக்கும். திரும்பினா பிரிஞ்சுடும். புகையைப் படம் பிடிச்சா விழறது ஸ்ட்ரீக்லைன் மட்டும்தான். அதைப் பாதைன்னு நான் படிச்சிருக்கப்படாது."

படித்த மனுஷன் ஒருத்தன் என் முன்னால் தப்பு என்று சொல்லி நான் கேட்டது அதுதான் முதல் தடவை. இருந்தாலும் நான் குளிர்ந்துபோகவில்லை.

"பேரு புத்தகத்துல இருந்துச்சே சாமி, ஏன் முதல்லயே பாக்கல்ல? என் சீட்டு போனப்புறம் பாத்திருப்பீரா?"

அவர் பதில் சொல்வதற்குள் கீழே ஒரு பெண்குரல் மில்லையே அதட்டிற்று.

"எங்கே அந்தப் புகைக்காரன்?"

ஸ்ரீவராகத்துச் சூடாமணி அம்மாள். சாலைக் கடைகளுக்கு அப்பளம் போடுகிறவள். எனக்கும் அவளுக்கும் நாலு வருஷத்துச் சண்டை. கையில் மூங்கில் தட்டு, தட்டில் அப்பளம், அப்பளமெல்லாம் கரும்புள்ளி. வேர்த்து விறுவிறுத்து மாடிக்கே ஏறி வந்துவிட்டாள். என்னைப் பார்த்துக் கத்த வாயைத் திறந்தவள், பஞ்சாபகேசனைப் பார்த்து நின்றாள்.

"ஏண்டா பஞ்சு, நீ இங்கே என்ன பண்றே?"

"அத்தை, நீங்க எதுக்கு..."

"எதுக்கா? பாரு இதை! அம்மை போட்ட மூஞ்சி மாதிரி ஆக்கி வெச்சிருக்கான். உளுந்து விலை தெரியுமோ இவனுக்கு? இன்னிக்கு ஏதோ எண்ணெய் நாத்தம் வேற! செவ்வாக்கிழமையும் இப்படித்தான். மேத்தன் மணி பத்து அடிக்கிறது, தலைக்கு மேல கறுப்பா வந்து நிக்கிறது, பொலபொலன்னு கொட்டறது. அன்னிக்கு நூத்தம்பது அப்பளம் போச்சு. எவன் வீட்டுக் கிட்டங்கியோ எரியறதுன்னு தெருவே ஓடித்து, என் அப்பளத்தைப் பாக்க ஒரு நாதி இல்லை!"

"அம்மா," என்றேன், "செவ்வாக்கிழமை பத்து மணிக்கு என் புகை எங்க இருந்துச்சு? இன்னொரு தரம் சொல்லுங்க. இன்ஸ்பெக்டர் ஐயா கேக்கட்டும்."

"என் தலைமேலதான் இருந்துது! வேற எங்கே? நீ என்ன சிரிக்கறே? சாணியால அடிக்கணும் உன்னை."

"அடிங்க. ஆனா அதையும் எழுதச் சொல்லுங்க."

பஞ்சாபகேசன் அத்தையின் தட்டிலிருந்து ஓர் அப்பளத்தை எடுத்து இன்ஸ்பெக்டரிடம் நீட்டினார். அவர் அதை வாங்கி என்ன செய்வது என்று தெரியாமல் வைத்துக்கொண்டு நின்றார்.

ஆபீஸ் அறையில் இன்ஸ்பெக்டர் புதிதாக எழுதினார். முதலாளி சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தார். பிடித்து வைத்திருந்த என் சீட்டை மேசைமேல் எடுத்து வைத்து, எழுதியதை இன்ஸ்பெக்டர் வாசித்தார். சிம்னிப் புகையால் தீ உண்டாகியிருக்கச் சாத்தியம் குறைவு என்று கருதலாம்.

"வெட்டும்," என்றேன்.

"எந்து?"

"சாத்தியம் குறைவும் வெட்டும், கருதலாமும் வெட்டும். பத்து மணிக்குப் புகை ஸ்ரீவராகத்துக்கு மேல இருந்தது, கிட்டங்கிக்கு மேல இல்லன்னு எழுதும். என்னைக் குத்தம் சொல்லும்போது கருதலாம்னு எழுதல்ல, அடிச்சு எழுதினீங்க. விடும்போதும் அடிச்சே எழுதணும்."

"சர்க்கார் பாஷை அதாணு தங்கையா. சீட்டு கிட்டியல்லோ, கையொப்பமிட்டு வீட்டுக்குப் போ."

"ஒப்பு போடமாட்டேன். சீட்டு மேசைமேலயே இருக்கட்டும். கருதலாம்னு எழுதினா அடுத்த வருஷம் இன்னொரு இன்ஸ்பெக்டர் வருவார், வேற மாதிரி கருதுவார்."

முதலாளிக்குப் பொறுக்கவில்லை. "யாருவே உன்னை இவ்வளவு பேசச் சொன்னது? சாட்சி கிடைச்சுட்டா தலைக்கனமா? கிட்டங்கிக்காரருக்கு நான் என்ன பதில் சொல்ல?"

"எரிச்சது யாருன்னு தேடச் சொல்லுங்க. எனக்குத் தெரியாது. தெரியாததை நான் எழுதியும் தரமாட்டேன்."

பஞ்சாபகேசன் பேனாவைக் கேட்டு வாங்கினார். தன் அபிப்பிராயமாக முதலில் எழுதியிருந்த காகிதத்தைக் குறுக்கே அடித்தார். அடியில் தமிழில் எழுதினார், நான் வாசிக்க முடிகிற மாதிரி பெரிய எழுத்தில்: போட்டோவில் காண்பது புகை நடந்த வழியல்ல, பத்து மணிக்குப் புகை கிட்டங்கியை அடைந்திருக்கவில்லை. கையெழுத்துப் போட்டு இன்ஸ்பெக்டரிடம் தள்ளினார். இன்ஸ்பெக்டர் அதையும் என்னையும் மாறிமாறிப் பார்த்தார். தன் காகிதத்தில் இரண்டு இடத்தில் கோடு இழுத்து, மேலே திருத்தி எழுதினார்.

எழுத்துக்கூட்டி இரண்டு தரம் வாசித்தேன். அவர்கள் காத்துக்கொண்டு நின்றார்கள். நிற்கட்டும். பிறகு கையெழுத்துப் போட்டு, சீட்டை எடுத்து மடியில் வைத்துக்கொண்டேன்.

"நாளையிலருந்து கொஞ்ச நாள் வீட்டுல இரு," என்றார் முதலாளி. "எல்லாம் ஆறட்டும்."

"நாளைக்குக் காலையில அஞ்சு மணிக்கு வருவேன். தீ போடுறது நான். வாசலைப் பூட்டினா, அதையும் காகிதத்துல எழுதி, ஏன் பூட்டினேன்னு எழுதி, உங்க கையெழுத்தோட ஒட்டுங்க."

அவர் எதுவும் ஒட்டவில்லை. சனிக்கிழமை ஐந்து மணிக்கு வாசல் திறந்திருந்தது.