மணி அடிப்பதற்கு முன்

மாமாவின் கை படகுக் கூரைக்கும் பாலத்துக் கல்லுக்கும் நடுவில் சிக்கியிருந்தது, அக்கா. ஒவ்வொரு அலைக்கும் படகு கொஞ்சம் மேலே எழும்பியது. எழும்பும்போதெல்லாம் பாலத்தடி இருட்டிலிருந்து ஒரு சத்தம் வந்தது. அது மனுஷச் சத்தம் மாதிரியே இல்லை. என் கையில் மைக். படித்துறை முழுக்க என் வகுப்புப் பிள்ளைகள். பள்ளிக்கூடத்தில் எனக்கு ரேடியோ என்று பேர் வைத்ததே அவர்கள்தான். அந்த நேரத்தில் ரேடியோவின் நாக்கு மேலண்ணத்தில் ஒட்டிக்கொண்டது.

"ஏய், ஏதாவது சொல்லு!" என்று லீடர் கத்தினாள். எங்கள் வகுப்புத் தலைவி, அவளை எல்லாரும் அப்படித்தான் கூப்பிடுவோம். "என்ன பண்ணணும்? வாயத் திறடி!"

இரு. கோர்வையாகச் சொல்கிறேன். அம்மா பக்கத்தில் தூங்குகிறாள். போன் வெளிச்சம் அவள் மேல் படாமல் போர்வைக்குள் உட்கார்ந்து தட்டிக்கொண்டிருக்கிறேன். உனக்கு ராத்திரி வேலை முடிய விடிந்துவிடும். பரவாயில்லை, விடிந்த பிறகு படி. ஆனால் பாதியில் நிறுத்தாதே. மாமா உயிரோடு இருக்கிறார், அதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்.

நீ வேலைக்குப் போன பிறகுதான் நான் மைக்கைப் பிடித்தேன், அதனால் உனக்கு அந்தப் படகில் வேலை எப்படி நடக்கும் என்று தெரியாது. மாமா பின்பக்கம், வாலில் உட்கார்ந்து சுக்கான் பிடிப்பார். நான் முன்பக்கம், மூக்கில் நின்று பேசுவேன். கால்வாயில் போகிற வழியில் மூன்று கோயில்கள். ஒற்றைக் கல்லில் வாசல் வைத்த கோயில், தும்பிக்கை உடைந்த யானை நிற்கிற கோயில், கடைசியில் தண்ணீருக்குள்ளேயே முன்வாசல் இருக்கிற கோயில். அந்தக் கடைசிக் கோயிலுக்கு முன்னால்தான் குட்டைப் பாலம்.

அந்தப் பாலத்தில் ஒரு சூட்சுமம் உண்டு. படகு நிறைய ஆள் இருந்தால் கூரைக்கும் கல்லுக்கும் ஒரு சாண் இடைவெளி இருக்கும். ஆள் இறங்கினால் படகு லேசாகி மேலே வந்துவிடும், அந்தச் சாணும் போய்விடும். அதனால் ஜனங்களைப் பாரமாக வைத்துக்கொண்டுதான் உள்ளே நுழையவும் முடியும், வெளியே வரவும் முடியும். கோயில் படித்துறையோ பாலத்தை ஒட்டியே இருக்கிறது. படகின் மூக்கு படியைத் தொடும்போது வால் இன்னும் பாலத்துக்கு அடியில்தான் கிடக்கும். மாமா மோட்டாரை அணைத்துவிட்டு, கூரை விளிம்புக்கு மேலே கையை நீட்டி, பாலத்துக் கல்லைத் தள்ளித் தள்ளி வாலை வெளியே கொண்டுவருவார். வந்ததும் பக்கத்தில் தொங்குகிற மணியை அடிப்பார். அதற்கப்புறம்தான் நான் "இறங்கலாம்" என்று சொல்ல வேண்டும். அதுவரை ஒருத்தரும் எழுந்திருக்கக் கூடாது.

அவர்களை உட்கார வைக்கத்தான் கதை. ஒரு ராஜா படகில் கோயிலுக்கு வந்த கதை. வால் சட்டென்று வெளியே வந்துவிட்டால் ராஜா தனியாக வருவார். மாமா திணறினால் ராஜாவோடு ராணி வருவாள், ராணியோடு அவள் தங்கை வருவாள், தங்கை கோபித்துக்கொண்டு பாதியில் இறங்குவாள். மணி அடிக்கிற வரைக்கும் ராஜாவுக்குச் சொந்தக்காரர்கள் முளைத்துக்கொண்டே இருப்பார்கள்.

மணி எதற்கென்று ஜனங்களுக்குத் தெரியாது. கோயில் வந்துவிட்டதற்கு அடிக்கிறார் என்று நினைத்துக் கும்பிடுகிறவர்கள்கூட உண்டு. அது எனக்கும் மாமாவுக்கும் மட்டும் தெரிந்த மணி.

மாமா குடித்துவிட்டு இதே பாலத்தில் மோதியது உனக்கு ஞாபகம் இருக்கும். அப்போதே கால்வாய் ஆபீசில், இன்னொரு தடவை ஏதாவது நடந்தால் லைசென்ஸைப் பிடுங்கிவிடுவோம் என்று சொல்லித்தான் அனுப்பினார்கள். அதற்குப் பிறகு அவர் ஒரு சொட்டுத் தொடவில்லை. அத்தை இப்போதும் தினமும் வாசலிலேயே நிறுத்தி, "ஊது" என்பாள். மாமாவும் சிரித்துக்கொண்டே அவள் மூக்குக்கு நேராக ஊதுவார். "போதுமா? பிறந்தநாள் மெழுகுவத்திய ஊதின மாதிரி இருக்கு தினமும்" என்பார்.

இன்றைக்கு ஏதோ பள்ளிக்கூடத்திலிருந்து சுற்றுலா வருகிறார்கள் என்று மட்டும்தான் மாமா சொன்னார். எந்தப் பள்ளிக்கூடம் என்று சொல்லவில்லை. படகு கிளம்புகிற படித்துறையில் நம் யூனிபார்மைப் பார்த்ததும் மாமாவின் முதுகுக்குப் பின்னால் ஒதுங்கினேன். காசு கட்ட முடியாது என்று சுற்றுலாவுக்குப் பேர் கொடுக்காதவள் நான். டவுனில் வேறு வேலை இருக்கிறது என்று கதை விட்டிருந்தேன்.

"அடியேய், ரேடியோ!" லீடர் என்னைப் பார்த்த உடனே கைதட்டினாள். "இதான் உன் வேற வேலையா? இது சொந்த ஸ்டேஷனா?"

மாமாவுக்கு ஒரே சந்தோஷம். "எல்லாம் உன் கூட்டாளிங்களா கண்ணு? பாத்தா படிக்கிற புள்ளைங்க மாதிரியே தெரியலையே!" என்றார். எல்லாரும் சிரித்தார்கள். எங்கள் பி.டி. சார் மட்டும் சிரிக்கவில்லை. அவர் உடம்பு உனக்குத் தெரியும், இரண்டு ஆள் கனம். இரண்டு கையாலும் பெஞ்சைப் பிடித்துக்கொண்டு ஏறினார்.

"சார், உங்களுக்கு நீச்சல் தெரியுமா?" என்று பின்பெஞ்சுப் பையன் கேட்டான்.

"தெரியும். கரையில."

முதல் கோயில் வரைக்கும் தாங்கினேன். நான் "இடது பக்கம் பாருங்க" என்றால் லீடர் அதே குரலில் "எழவு பக்கம் பாருங்க" என்றாள். தும்பிக்கை உடைந்த யானையிடம் வந்தபோது நான் சொல்வதற்கு முன்னால் அவளே சொன்னாள். வகுப்பில் நான் அளந்துவிட்ட கதைகள்தானே எல்லாம், அவளுக்கு மனப்பாடம். நாலைந்து போன்கள் என் முகத்துக்கு நேராக நீண்டன. நான் மாமாவின் பழைய தொப்பியைப் போட்டிருந்தேன். அதில் கொட்டை எழுத்தில் 'வழிகாட்டி' என்று இருக்கிறது.

பாலம் வந்தது. எல்லாரும் தலையைக் குனிந்தார்கள். உள்ளே இருட்டாக, குளிர்ச்சியாக, பாசி நாற்றமாக இருந்தது. பின்னால் மாமா கல்லைத் தள்ளுகிற சத்தமும் மூச்சு வாங்குகிற சத்தமும் கேட்டன. மத்தியானத்துக்கு மேல் கடல் தண்ணீர் கால்வாய்க்குள் ஏறும், அதனால் இன்றைக்கு இடைவெளி ரொம்பக் குறைச்சல். மூக்கு படியைத் தொட்டது. நான் ராஜாவை ஆரம்பித்தேன்.

"ஒரு ராஜா..."

"படகுல வந்தாராம்!" என்று மொத்தப் படகும் கத்தியது.

"அவர் கூட ராணி..."

"ராணிக்கு ஒரு தங்கச்சி!"

மைக்கில் குரல் கீச்சென்று உடைந்தது.

"போச்சு, சிக்னல் போச்சு!" என்றான் அந்தப் பின்பெஞ்சுப் பையன். "டேய், ரேடியோ அழுவுதுடா!"

சிரிப்பு பாலத்தடியில் மோதி இரண்டு மடங்காகத் திரும்பி வந்தது. அவர்கள் என் படகை விட்டுப் போனால் போதும் என்று இருந்தது அக்கா. அந்த நொடியில் எனக்கு வேறெதுவும் வேண்டியிருக்கவில்லை.

"இறங்கலாம்," என்றேன். "எல்லாரும் இறங்குங்க."

மணி அடிக்கவில்லை. அடிக்கவில்லை என்று எனக்குத் தெரியும். வால் முக்கால்வாசி வெளியே வந்திருக்கும் என்று நானே எனக்குச் சொல்லிக்கொண்டேன். திரும்பிப் பார்க்கவில்லை.

பின்னால் இருந்தவர்கள் எல்லாரும் ஒரே நேரத்தில் எழுந்து முன்னால் முண்டியடித்தார்கள். பூங்காவில் சீசாப் பலகையில் நாம் இரண்டு பேரும் ஏறுவோமே, நீ உட்கார்ந்தவுடன் நான் ஜிவ்வென்று மேலே போவேனே, அதே மாதிரி மூக்கு அமுங்கி வால் எழும்பியது. இரும்பு கல்லில் உரசுகிற சத்தம். பிறகு மாமாவின் சத்தம். அதற்குள் பாதிப் பேர் படியில் குதித்திருந்தார்கள். பயத்தில் மீதிப் பேரும் குதித்தார்கள். குதிக்கக் குதிக்கப் படகு லேசாகிக்கொண்டே போனது, கை இன்னும் இறுக மாட்டிக்கொண்டது.

அப்போதுதான் என் வாய் அடைத்துப் போனதும் லீடர் கத்தியதும்.

"கண்ணு..." என்று இருட்டுக்குள்ளிருந்து மாமா கூப்பிட்டார். "பாரம்... பாரம்..."

அந்தச் சொல்தான் என்னை உலுக்கியது. மைக்கை வாய்க்கு அருகில் கொண்டுபோனேன். "எல்லாரும் திரும்ப ஏறுங்க! பின்னாடி வரணும்! கனம் வேணும்!"

"பைத்தியமா உனக்கு?" பி.டி. சார் கைகளை விரித்துப் பிள்ளைகளை மறித்தார். "புள்ளைங்களக் கூட்டிட்டு வந்தவன் நான். ஒருத்தருக்கு ஒண்ணு ஆச்சுன்னா யாருடி பதில் சொல்றது? யாரும் ஏறக் கூடாது!"

லீடர் அவர் கைக்கு அடியில் குனிந்து வந்து மூக்கில் குதித்தாள். அவள் கால் பட்டதும் மூக்கு அமுங்கியது. வால் எழும்பியது. மாமா அலறினார். அவள் அப்படியே உறைந்து நின்றுவிட்டாள்.

"நான்... என்னாலயா?"

"நிக்காத! ஓடு! மூக்குல நிக்க நிக்க அவர நசுக்குது! வாலுக்கு ஓடுடி!"

அவள் குனிந்தபடி இருட்டுக்குள் ஓடினாள். மைக்கைக் கீழே போட்டுவிட்டு நானும் பின்னாலேயே ஓடினேன். எங்கள் இரண்டு பேர் கனம் கையை விடுவிக்கப் போதவில்லை. நான் மூக்குப் பக்கம் திரும்பிக் கத்தினேன். "ஒவ்வொருத்தரா! குதிச்ச உடனே ஓடி வாங்க! நிக்கக் கூடாது!"

வந்தார்கள் அக்கா. "சிக்னல் போச்சு" என்றவன் முதலில் வந்தான். ஒவ்வொருத்தர் குதிக்கும்போதும் மாமா கத்தினார், ஒவ்வொருத்தரும் அந்தக் கத்தலைக் கேட்டுக்கொண்டே குதித்தார்கள். பாலத்தடியில் ஒருத்தர் மேல் ஒருத்தராக நெருக்கிக்கொண்டு உட்கார்ந்தோம். தண்ணீர் படகு விளிம்புக்கு வந்துவிட்டது. ஆனாலும் கை வரவில்லை. இன்னும் ஒரு நூல் அளவு படகு இறங்க வேண்டும்.

படியில் சார் மட்டும்தான் நின்றார். நெற்றியெல்லாம் வியர்வை.

"நான் ஏறினா மூழ்கிடும்மா!"

"மூழ்கணும் சார்! அதுதான் வேணும், வாங்க!"

அவர் கண்ணை மூடிக்கொண்டார். சட்டென்று குதித்து, மண்டியிட்டுத் தவழ்ந்தே பெஞ்சுகளுக்கு நடுவில் வந்தார். படகு அமுங்கியது. தண்ணீர் விளிம்பைத் தாண்டி எங்கள் காலில் கொட்டியது. மாமாவின் கை கல்லிலிருந்து வழுக்கி வந்து லீடரின் மடியில் விழுந்தது. அவள் துப்பட்டாவை உருவி அதைச் சுற்றினாள்.

பின்னால் வந்த இன்னொரு படகுக்காரர்தான் எங்களை இழுத்து வெளியே கொண்டுவந்தார்.

ஆஸ்பத்திரியில் அத்தை ஓடிவந்ததும் முதலில் என்ன செய்தாள் தெரியுமா? கட்டிலில் குனிந்து மாமாவின் வாயை முகர்ந்து பார்த்தாள். மயக்க மருந்து வாடையைத் தவிர ஒன்றும் இல்லை. அதற்கப்புறம்தான் அழுதாள். விரல்கள் பிழைக்குமா என்பது நாளைக்குக் கட்டுப் பிரிக்கும்போதுதான் தெரியுமாம்.

சாயங்காலம் கால்வாய் ஆபீஸ்காரர் வந்தார். மாமாவுக்குக் கண் பாதிதான் திறந்திருந்தது. பேச்சு குழறியது.

"ஜனங்க எதுக்கு முன்னாடியே எழுந்தாங்க?" என்று கேட்டார் அவர்.

"மணி அடிச்சா எழுந்திருப்பாங்க," என்றார் மாமா. "நான்தான்... வால் வர்றதுக்குள்ள அடிச்சுட்டேன்."

நான் கட்டிலின் கால்மாட்டில் நின்றிருந்தேன். மாமா தலையைத் திருப்பி என்னைத் தேடினார்.

"மணி அடிச்சேன்ல, கண்ணு?"

ஆபீஸ்காரரும் என்னைப் பார்த்தார். அத்தையும் பார்த்தாள். நான் தலையாட்டினேன்.

"லைசென்ஸ் போயிடும், இனிமே என் கையில ஒண்ணுமில்லைங்க," என்று சொல்லிவிட்டு ஆபீஸ்காரர் போனார். அத்தை சுவரில் சாய்ந்து அப்படியே உட்கார்ந்தாள். "குடிச்சப்பவாவது குடியச் சொல்லித் திட்டினேன். இப்ப எதச் சொல்லித் திட்டுறது? புத்தி எங்கய்யா போச்சு உனக்கு?" மாமா தூங்கிவிட்டார், அல்லது கண்ணை மூடிக்கொண்டார்.

இது போதாதென்று எல்லாரும் என்னைத்தான் புகழ்கிறார்கள். சின்னப் பிள்ளைக்கு என்ன சமயோசிதம் என்று அம்மா பக்கத்து வீட்டிலெல்லாம் சொல்லியாகிவிட்டது. பி.டி. சார் என் தலையில் கை வைத்துவிட்டுப் போனார். லீடர் இப்போதுதான் ஒரு மெசேஜ் அனுப்பினாள்: "ரேடியோ, நீ இல்லன்னா அவர் செத்திருப்பாருடி. சாரி. எல்லாத்துக்கும்." நான் இன்னும் பதில் போடவில்லை.

மாமா காதில் என் "இறங்கலாம்" விழுந்திருந்தால், அவர் எனக்காகப் பொய் சொல்கிறார். நான் உண்மையைச் சொன்னால் அவர் செய்தது வீணாகிவிடும், அவரும் பொய்யராகிவிடுவார். ஆனால் பாலத்தடியில் அவ்வளவு சிரிப்புக்கு நடுவில் அவருக்கு அது கேட்காமலே போயிருந்தால்? வலியிலும் மருந்திலும் எல்லாம் குழம்பி, தானே மணி அடித்ததாக நிஜமாகவே நம்பிக்கொண்டிருந்தால்? அப்படியானால் அவர் தெரியாமல்தான் என்னைக் கேட்டார், நான் தலையாட்டி அவர் மேலேயே பழியைப் போட்டுவிட்டேன். சாகும்வரைக்கும் அவர் தன் கையைப் பார்க்கும்போதெல்லாம் தன்னையே திட்டிக்கொள்வார்.

அவர் கண்ணை எத்தனையோ தடவை மனசுக்குள் திரும்பத் திரும்பப் பார்த்துவிட்டேன். பாதி திறந்த கண், அதில் ஒன்றும் படிக்க முடியவில்லை. உனக்கு மாமாவை என்னைவிட நன்றாகத் தெரியும், நீதான் அவர் தோளில் வளர்ந்தவள்.

சொல்லு அக்கா, மணி அடிச்சேன்ல என்று அவர் எனக்குச் சொல்லிக்கொடுத்தாரா, இல்லை என்னைக் கேட்டாரா?