நேராக உட்கார்ந்தவர்கள்

கார்டெல் விக்ஸ் உயிர் பிழைக்க, கறுப்பர்களான எங்களில் ஒரே ஒருவர் ஜூரியில் உட்கார்ந்தால் போதும் என்று நம்பினோம். பன்னிரண்டு பேரில் ஒருவர் "சாவு வேண்டாம்" என்றால் பையன் சிறையோடு தப்பிப்பான். வெள்ளைக்காரக் கடைக்காரரைச் சுட்டுக் கொன்றது அவன்தான். அதில் தகராறு இல்லை. போன வருஷம் பெட்ரோல் பங்கில் எங்கள் கறுப்பினப் பெண் ஒருத்தியைச் சுட்டுக் கொன்ற டேல் ஹட்சின்ஸ் விஷயத்திலும் தகராறு இருக்கவில்லை. அவன் வெள்ளை. "பாவம், அப்பன் இல்லாம வளந்த புள்ள" என்று அரசு வக்கீல் விட்காம்ப் கண்கலங்கி, ஆயுள் தண்டனையோடு முடித்துக்கொண்டார். கார்டெலுக்கும் அப்பன் இல்லை. ஆனால் இந்த முறை அவரிடம் கண்ணீர் ஸ்டாக் இல்லை.

அமெரிக்காவின் தெற்கே எங்கள் ஜார்ஜியா மாநிலத்தில் நிறத்தைச் சொல்லி யாரையும் ஜூரியிலிருந்து நீக்கக் கூடாது. சட்டம் கண்டிப்பானது. வேறு காரணம் சொல்லித்தான் நீக்கவேண்டும்.

சென்ற வழக்குகளில் எங்களவர்களை நீக்க விட்காம்ப் சொன்ன காரணங்கள் ஊருக்கே மனப்பாடம்: கையைக் கட்டியிருந்தார், சூயிங்கம் மென்றார், கீழே பார்த்தார். ஆகவே ஜூரிக்கு அழைப்பு வந்த கறுப்பர்களான நாங்கள் மூவரும், எங்கள் சர்ச் பொறுப்பாளர் டீக்கனும் சிஸ்டர் வெர்டெலும் நானும், சனிக்கிழமை என் முடிதிருத்தும் கடையில் கூடி, உட்காரப் பழகினோம்.

"டீக்கன், முதுகு கூனுது" என்றேன்.

"கூனலோட பொறந்தவன்யா நான். கர்த்தர் பண்ண வேலை."

"விட்காம்ப் கர்த்தரையே நீக்கிடுவாரு, நிமிருங்க" என்றார் சிஸ்டர் வெர்டெல். தபால் ஆபீஸில் காலமெல்லாம் வேலை பார்த்தவர். "வக்கீல் கண்ணைப் பாத்துப் பேசணும். பல்லு தெரியக் கூடாது, உம்முனும் இருக்கக் கூடாது."

கார்டெலின் அம்மா நெட்டி தேநீர் ஊற்றிக்கொண்டே எங்களைச் சுற்றிச் சுற்றி வந்தார். "கால ஆட்டாதீங்க, பார்பர். ஒங்க கால்லதான் எம்புள்ள இருக்கான்."

திங்களன்று கோர்ட்டில் டீக்கன் கம்பமாக உட்கார்ந்தார். விட்காம்ப் அவரை நீக்கினார். கார்டெலின் வக்கீல் எழுந்து காரணம் கேட்டார்.

"ரொம்ப விறைப்பா இருக்காரு, யுவர் ஆனர். பிடிவாதக்காரர் மாதிரி படுது."

"நிறத்துக்கும் இதுக்கும் சம்பந்தமில்ல. ஏத்துக்கறேன்" என்றார் நீதிபதி, சாப்பாட்டுக்கு முன் ஜெபம் சொல்கிற குரலில்.

சிஸ்டர் வெர்டெலும் போனார். "என் கண்ணையே வெறிச்சுப் பாக்கறாங்க. பகைமை தெரியுது."

ஜெபம்.

என் முறை. சிரிக்கவில்லை, உம்மென்றும் இல்லை. காலும் ஆடவில்லை.

"இவர் முகத்துல எந்த உணர்ச்சியும் இல்ல, யுவர் ஆனர். மனுஷ உயிரைப் பத்தின வழக்கு இது. எனக்கே பயமா இருக்கு."

மீண்டும் ஜெபம்.

என் பக்கத்து நாற்காலியில் பியூஃபர்ட் கிளெக் என்ற வெள்ளைக்கார டிராக்டர் வியாபாரி கையைக் கட்டி, வாயில் புகையிலையோடு, குறட்டை விட்டுக்கொண்டிருந்தார். விட்காம்ப் அவர் தோளைத் தட்டி எழுப்பி, "ஐயா, நியாயமா தீர்ப்பு சொல்வீங்களா?" என்று கேட்டார்.

"எதுக்கு?" என்றார் கிளெக்.

"திறந்த மனசு" என்று விட்காம்ப் நீதிபதியைப் பார்த்துப் புன்னகைத்தார். கிளெக் ஜூரிக்குள் போனார்.

அன்று மாலை கோர்ட் வாசலில் விட்காம்ப் எங்கள் மூவரின் கையையும் தேடிப்பிடித்துக் குலுக்கினார். "நீங்க எல்லாம் வந்ததுதான் ஜனநாயகத்தோட பெருமை." மெத்தென்று ஈரமாய் இருந்தது அந்தக் கை, உரித்த கோழி மாதிரி. கடைக்குப் போய் சீப்பு ஊறவைக்கும் மருந்துத் தண்ணீரில் என் கையை அமுக்கி வைத்தேன்.

விசாரணை முடிந்து, பன்னிரண்டு வெள்ளைக்காரர்களும் மதியச் சாப்பாட்டோடு பேசி முடித்தார்கள். தலைவராக எழுந்து "மரணம்" என்று படித்தவர் கிளெக். மீசையில் பார்பிக்யூ சாஸ். கார்டெல் திரும்பி அம்மாவைத் தேடினான். காவலர் அவன் கழுத்தை முன்பக்கம் திருப்பினார்.

படிக்கட்டில் நெட்டி என் கையைப் பிடித்துக்கொண்டார்.

"நீங்க நல்லாத்தான் உக்காந்தீங்க, பார்பர்" என்று எனக்கு ஆறுதல் சொன்னார்.