முகம் மூடும் நேரம்

தகப்பனின் விரல்களுக்கிடையில் செபமாலையைக் கோக்கும்போது கிறேசம்மாவுக்கு மூன்று தரம் பிழைத்துவிட்டது. ஐம்பது வருடம் வலை இழுத்த விரல்கள், உயிரோடு இருந்தபோதே லேசில் மடங்காதவை. நாலாம் தரம் செபமாலையை மணிக்கட்டில் ஒரு சுற்றுச் சுற்றிச் சிலுவையை நெஞ்சில் வைத்துவிட்டாள். மகளுக்குப் பொறுமை குறைவென்று அப்பாவுக்குத் தெரியும், அவர் குறை நினைக்கமாட்டார்.

எமிலியானுஸ் சாவதற்கு நேரம் பார்க்கத் தெரியாத மனுசன். வெள்ளிக்கிழமை காலை சுவாமியார் கச்சதீவுத் திருவிழாவுக்குப் படகேறி ஒரு மணித்தியாலம்கூட ஆகவில்லை, இவர் இங்கே கண்ணை மூடிவிட்டார். அதே படகில்தான் கிறேசம்மாவின் புருசன் கிறிஸ்தோப்பரும் போயிருந்தான். போகச் சொல்லிக் கலைத்துவிட்டதே எமிலியானுஸ்தான். சனிக்கிழமை பூசை முடிந்து படகு திரும்பினால்தான் நெடுந்தீவில் சுவாமியார். சுவாமியார் வந்தால்தான் அடக்கம். ஆகவே ஒன்றரை நாளாக மீன்வாடி ஐஸ்கட்டிகளுக்கு நடுவில் எமிலியானுஸ் காத்திருந்தார். காத்திருப்பது அவருக்குப் புதிதல்ல.

முற்றத்தில் ஆண்கள் கதிரைகளில் இருந்தார்கள். நெடுந்தீவில் ஒரு செத்தவீடு நடத்தப் பல நாடுகளின் தயவு வேண்டும். கதிரைகள் கடற்தொழிலாளர் சங்கத்துக்கு ஒரு நாடு கொடுத்தவை. தண்ணீர்த் தாங்கியில் இன்னொரு நாட்டுக் கொடி ஒட்டியிருந்தது. தலைக்கு மேல் கட்டியிருந்த நீல விரிப்பில் எழுதியிருந்ததை வாசிக்கத் தெரிந்தவர்கள் அந்த முற்றத்தில் இல்லை. வந்தவர்களுக்குக் கொடுத்த தேத்தண்ணி மட்டும் கிறேசம்மாவினது.

"முதல்ல சீனாக்காரன் கரண்டுக் காத்தாடி போடப்போறான் எண்டாங்கள்," என்று பாலசிங்கம் மாஸ்டர் தொடங்கியிருந்தார். புவியியல் படிப்பித்து இளைப்பாறியவர், உலகப் படம் இல்லாமல் அவருக்கு வாய் திறக்க வராது. "இந்தியாக்காரன் விடுவானே? என்ர வாசலுக்கு முன்னால வந்து நிக்கிறான் எண்டு பாய்ஞ்சு விழுந்து, நான் சும்மா போட்டுத் தாறன் எண்டான். கொழும்பு ரெண்டு பேருக்கும் தலையாட்டினது. பெரியாக்கள் எல்லாரும் எங்களுக்கு வெளிச்சம் தாறதுக்குத்தான் அடிபடுகினம். ஆனா எங்களிட்ட ஆரும் ஒரு சொல்லுக் கேட்டதே?"

"உங்களிட்டக் கேக்கிறதுக்கு நீங்கள் ஆர் மாஸ்டர்?" என்றார் பக்கத்தில் இருந்தவர். இரண்டு மூன்று பேர் சிரித்துவிட்டுச் செத்தவீடென்று நினைவு வந்து நிறுத்திக்கொண்டார்கள்.

எமிலியானுஸ் இருந்திருந்தால் அவர்தான் முதலில் சிரித்திருப்பார். வெளிச்சம் ஆர் தந்தால் என்ன, போனுக்குச் சார்ச் ஏறினால் சரி என்பதுதான் இந்த வல்லரசுப் போட்டியில் அவருடைய நிலைப்பாடு. வெள்ளிக்கிழமை காலையும் அதைத்தான் கேட்டார்.

"போனைச் சார்ச்சில போட்டியே பிள்ளை?"

"ஓம் அப்பா."

அதற்குப் பிறகு அவர் ஒன்றும் கேட்கவில்லை. போன் இன்னும் முன்னறையில், சுவரோடு கொழுவியபடியே கிடந்தது. கழற்றக் கிறேசம்மாவுக்கு மனம் வரவில்லை.

அந்தப் போனில் அவர் எதிர்பார்த்திருந்தது ஒரேயொரு ஆளை. கடலுக்கு அந்தப் பக்கம், பாம்பனில் இருக்கும் அவருடைய ஒரே தங்கச்சி சூசையம்மாவை.

சூசையம்மாவுக்குப் பதினெட்டு வயதில் பாம்பனில் கலியாணம் பேசினார்கள். அப்போது அது தூரமாகத் தெரியவில்லை. யாழ்ப்பாணத்துக்குப் போவதைவிடப் பாம்பனுக்குப் போவது சுகம் என்று சொல்லுகிற காலம். பொம்பிளையை வள்ளத்தில் கொண்டுபோய் விட்டுவிட்டு, கட்டிக் கொடுத்த சோறு பழுதாகமுன்னம் எல்லோரும் திரும்பி வந்துவிட்டார்கள். அடுத்த வருடம் இரண்டு தலைநகரங்களில் இரண்டு பேர் கையெழுத்து வைத்தார்கள். கச்சதீவு இந்தப் பக்கம் வந்தது. சூசையம்மா அந்தப் பக்கம் ஆகிவிட்டாள். பிறகு சண்டை வந்து, இரண்டு பக்கமும் கூடுகிற கச்சதீவுத் திருவிழாவும் நின்றது. அண்ணனும் தங்கச்சியும் இருபது வருடத்துக்கு மேல் முகம் பார்க்கவில்லை.

திருவிழா திரும்பத் தொடங்கிய வருடம், கச்சதீவு மணலில் யாரோ ஒரு நரைத்த மனுசி வந்து எமிலியானுஸின் கையைப் பிடித்தாள். அவருக்கு ஆளைத் தெரியவில்லை. "நடையைப் பாத்துத்தான் பிடிச்சனான்" என்றாள். பாம்பன் தமிழில் பிள்ளை பெற்று, பேரப்பிள்ளை கண்டவள், அண்ணனைக் கண்டதும் நெடுந்தீவுப் பேச்சுக்குத் திரும்பிவிட்டாள். அன்று தொடங்கி வருடத்துக்கு ஒரு தரம், அந்தோனியார் கோயிலுக்குப் பின்னால் பற்றை நிழலில், ஒரு பின்னேரமும் ஒரு காலையும் அவர்களுடையவை. இவர் பனங்கட்டி கொண்டுபோவார். அவள் அண்ணன் உடுக்கச் சாரம் கொண்டுவருவாள். அந்தோனியார் சுரூபத்தில் தொட்டெடுத்த வெள்ளை லேஞ்சி ஒன்றை மடித்து அவர் சட்டைப் பையில் வைத்துவிடுவாள்.

அதைக் கெடுத்தவர் எமிலியானுஸ். அப்படித்தான் அவர் சொல்லுவார்.

அந்தப் பக்கத்து இழுவைப் படகுகள் ஒரே இரவில் அவருடைய வலைகளை அள்ளிக்கொண்டு போய்விட்டன. கடனுக்கு வாங்கியவை. கடற்தொழிலாளர் எல்லோரும் யாழ்ப்பாணத்தில் கறுப்புக்கொடி பிடித்தபோது இவரும் போனார். வயதான ஆளென்று முன்வரிசையில் நிறுத்தி, கையில் ஒரு அட்டையைக் கொடுத்தார்கள். 'எங்கள் கடலை விட்டு வெளியேறு.' படம் எடுத்தார்கள். படம் கடலைக் கடந்தது. எங்கள் ஆட்கள் கடக்க முடியாத இடத்தைப் படங்கள் கடக்கும். அடுத்த கிழமை கடற்படையிடம் பிடிபட்ட படகுகளில் ஒன்றில் சூசையம்மாவின் மகன் இருந்தான்.

அவளே அண்ணனுக்குப் போன் எடுத்தாள். அன்று அவள் பேச்சில் நெடுந்தீவு ஒரு சொல்லும் இல்லை.

"அந்த அட்டையில எழுதியிருந்தீங்களே, அது யாருக்கு அண்ணே?"

வெளியேறச் சொன்னது படகுகளைத்தான் என்று எமிலியானுஸ் சொல்லியிருக்கலாம். படகுகளுக்குள் ஆர் இருப்பார்கள் என்று தெரியாமலா பிடித்தார்? அவள் போனை வைத்துவிட்டாள். மகன் சிறையால் வெளியில் வந்தான், படகு வரவில்லை. அதற்குப் பிறகு இவர் எடுத்தால் அங்கே மணி அடித்து ஓயும்.

"அந்தோனியாரிட்ட வந்தா கதைப்பாள்" என்று ஒரு வருடம் சொல்லிக்கொண்டிருந்தார். மூச்சு இழுக்கத் தொடங்கிய பிறகும் அதையேதான் சொன்னார். பிறகு அந்தப் பக்கத்துச் சங்கங்கள், பிடித்த படகுகளை விடாததால் இந்தமுறை திருவிழாவுக்கு ஒருவரும் வருவதில்லை என்று அறிவித்தன. கிறேசம்மா அதைத் தகப்பனிடம் மறைத்தாள். பாலசிங்கம் மாஸ்டர் வந்து, இரண்டு அரசுகளின் இராசதந்திரத்தை விளங்கப்படுத்துகிற ஆசையில் சொல்லிவிட்டார். எமிலியானுஸ் கேட்டுக்கொண்டு கிடந்தார். பின்னர் மருமகனைக் கூப்பிட்டு, "எதுக்கும் நீ ஒருக்காப் போய்ப் பார். அவள் சொல்லுக் கேக்கிற ஆளில்லை" என்றார்.

பின்னேரம் மூன்று மணிக்குக் கிறிஸ்தோப்பர் வந்தான். கூடவே சுவாமியார், வெயிலில் கறுத்துக் களைத்து. கிறேசம்மா வாசலுக்கு ஓடினாள். புருசனுக்குப் பின்னால் எட்டிப் பார்த்தாள். தகப்பன் செத்த செய்தி புருசனுக்குப் போனில் போனதிலிருந்து அவளுக்கு வேறு நினைப்பில்லை. பாம்பனுக்கு எடுத்தால் மணி அடித்து ஓய்ந்தது. மாமி எப்படியாவது வந்திருக்கவேண்டும், வந்து இந்த முகத்தைப் பார்க்கவேண்டும்.

"ஒரு படகும் வரேல்லை," என்றான் கிறிஸ்தோப்பர். "அவையளுக்கெண்டு போட்ட கொட்டில் எல்லாம் வெறுமையாக் கிடந்தது. செய்தி கேட்டவுடன திரும்புவம் எண்டு பாத்தனான். திருவிழா முடியமுன்னம் படகு விடுறேல்லை எண்டிட்டாங்கள்." சட்டைப் பையிலிருந்து ஒரு வெள்ளை லேஞ்சியை எடுத்தான். "நானே சுரூபத்தில தொட்டுக்கொண்டு வந்தனான்."

அவள் வாங்கினாள். வாங்கும்போதுதான் அழுகை வந்தது. நேற்றிலிருந்து வராதது.

எமிலியானுஸின் குடும்பத்தில் ஒரு வழக்கம். பெட்டி மூடமுன்னம் முகத்தில் துணி போடவேண்டும். உடன்பிறந்தவள் 'மூடு' என்று சொல்லாமல் போடுவதில்லை. கிறேசம்மாவின் அப்பப்பா செத்தபோது அவருடைய தமக்கை எழுவைதீவிலிருந்து வரவேண்டியிருந்தது. அன்று கடல் அடித்தபடியால் பொழுது சாயும்வரை முகத்தைத் திறந்தபடி வைத்திருந்தார்கள். அது ஒரே கரையின் கடல், அடித்தாலும் கடைசியில் விடும்.

முற்றத்தில் பெட்டியடியில் நின்று சுவாமியார் செபங்களைச் சொன்னார். தீர்த்தம் தெளித்தார். "மூடுவம் பிள்ளை. நேரம் போகுது," என்றார் தாழ்ந்த குரலில். அவர் சொன்னது நியாயம்தான், ஐஸ் எல்லாம் தண்ணீராகிவிட்டது.

கிறேசம்மா லேஞ்சியை விரித்தாள். முன்னறையில் போன் அடித்தது.

எல்லோரும் திரும்பினார்கள். எடுக்கப் போனவள் திரையைப் பார்த்து நின்றுவிட்டாள். 'தங்கச்சி' என்றிருந்தது. வயரைக் கழற்றிக்கொண்டு பெட்டியடிக்கு வந்தபிறகுதான் பச்சையை அமத்தினாள்.

"அண்ணை," என்றது போன். மறுமொழிக்கு நிற்கவில்லை. "படகு கிடைக்கேல்லை அண்ணை. ரெண்டு நாளா இறங்குதுறையிலதான் இருந்தனான். சங்கத்துக் கட்டுப்பாடாம், ஒருத்தனும் ஏத்தமாட்டன் எண்டிட்டான். நீ அங்க பற்றையடியில பாத்துக்கொண்டு இருந்திருப்பாய்... என்னண்ணை, கதைக்கிறாயில்லை? கோவமே?"

"மாமி, நான் கிறேசம்மா."

"அண்ணையிட்டக் குடு பிள்ளை. ஒரு சொல்லுச் சொல்லிப்போட்டு வைக்கிறன்."

அந்த நேரம் பார்த்துக் கோயிலில் மணி அடிக்கத் தொடங்கியது. ஒன்று. ஒரு மூச்சு விட்டு எடுக்குமளவு இடைவெளி. இன்னொன்று. அடக்கத்துக்கு அடிக்கும் மணி அது, நெடுந்தீவில் பிறந்தவர்களுக்கு அதைச் சொல்லிக்கொடுக்கத் தேவையில்லை.

போனில் சத்தம் நின்றது. ஐந்தாவது மணிவரை நின்றது.

"ஆருக்கடி அடிக்கிறாங்கள்?"

மணி அடித்துக்கொண்டேயிருந்தது. பிறகு சூசையம்மா மெல்லக் கேட்டாள்.

"முகம் மூடியாச்சே?"

"இல்லை மாமி. நீங்கள் சொல்லோணும்."

"மூடாதை," என்றாள். "நான் சொல்லுமட்டும் மூடாதை."

கிறேசம்மா போனைத் தகப்பனின் நெஞ்சில், சிலுவைக்குப் பக்கத்தில் வைத்து, எல்லோருக்கும் கேட்கும்படி சத்தத்தைக் கூட்டிவிட்டாள். சுவாமியார் புத்தகத்தை மூடினார். பெட்டி தூக்க நின்ற நாலு பேரும் கையை எடுத்துக்கொண்டு பின்னால் போனார்கள். சீனாவையும் இந்தியாவையும் கொழும்பையும் அன்று முழுக்கக் கட்டி மேய்த்த பாலசிங்கம் மாஸ்டர் கதிரையை விட்டெழும்பி, கைகட்டி நின்றார். நேரம் போகிறதென்று ஒருவரும் சொல்லவில்லை.

போனில் அழுகை கேட்கவில்லை. காற்றுக் கேட்டது. காற்றுக்குப் பின்னால், அந்தக் கரையில் கடல் இரைந்தது. இந்தக் கரையிலும் அது இரைந்துகொண்டுதான் இருந்தது.

கிறேசம்மா குனிந்து திரையைப் பார்த்தாள். சார்ச் முழுதாக இருந்தது.