சுவரிலிருந்து ஒரு கல்

"சார், ஸ்டேஷன் வந்தாச்சு. எந்த டிராம்?"

கைப்பேசியில் அந்த ஒற்றை வரியைப் பார்த்ததும் ஸ்ரீஹரியின் கையிலிருந்த தோசைத்திருப்பி அந்தரத்தில் நின்றது. மதியச் சாப்பாட்டுக்கு வருவதாகச் சொல்லியிருந்த பெம்பா, காலை ரயிலையே பிடித்து ஜெர்மனியின் கார்ல்ஸ்ரூஹேயில் வந்து இறங்கிவிட்டான்.

"ஹரி, தோசை கருகுது! எங்க பார்த்துட்டு இருக்க?" என்றாள் மனைவி நிரஞ்சனா.

"பெம்பா வந்துட்டான்."

"ஐயையோ, நான் இன்னும் குளிக்கவே இல்லையே! டிராம் நம்பரை அனுப்பு. சாம்பார்ல ஒரு கண்ணு வச்சுக்கோ." துண்டை உருவிக்கொண்டு குளியலறைக்குள் ஓடினாள்.

டிராம் எண்ணை அனுப்பினான். அடுப்பை அணைத்தான். ஹாலுக்குப் பாய்ந்தான்.

ஹாலில் புத்தக அலமாரியின் நடுத்தட்டுதான் அவர்கள் வீட்டுப் பூஜை அறை. பிள்ளையார், முருகன், ஸ்ரீரங்கத்துப் பெருமாள் படம். அவர்களுக்கு நடுவே ஒரு கறுப்புக் கல். கையகலம்தான் இருக்கும், ஆனால் தூக்கினால் மணிக்கட்டு தொங்கிவிடும். அதில் செதுக்கிய திபெத்திய எழுத்துகளில் நீலச் சாயம். எழுத்துகளின் நெற்றியில் நிரஞ்சனா வெள்ளிக்கிழமை வைத்த சந்தனமும் குங்குமமும்.

அந்தக் கல்லைப் பெம்பா பார்க்கக் கூடாது. பார்த்தால் தொலைந்தது.

கட்டிலுக்கு அடியில்? பெம்பாவின் பெட்டியை நிரஞ்சனா அங்கேதான் தள்ளுவாள். கீழே நிலவறையில்? சாவி மேல்வீட்டு நண்பன் வருணிடம் இருந்தது. அதற்குள் குளியலறைத் தாழ்ப்பாள் 'க்ளிக்' என்று திறந்தது. கல்லும் கையுமாகச் சமையலறைக்குத் திரும்பியவன் கண்ணில் துணி துவைக்கும் இயந்திரம் பட்டது. பாதி வயிறு அழுக்குத் துணி. ஒரு பழைய துண்டில் கல்லைச் சுருட்டி, அடிவரைக்கும் கைவிட்டுச் செருகினான்.

சந்தனம் வைத்துக் கும்பிட்ட கல், இப்போது அவனுடைய காலுறைகளுக்கு அடியில்.

நிமிர்ந்து சாம்பாரைக் கிளறினான்.

போன வருஷம் இலையுதிர் காலத்தில்தான் அந்தப் பயணம். எவரெஸ்ட் அடிவார முகாமுக்குப் போகிற ஜனத்திரளைத் தவிர்த்து, மேற்கே ஒதுங்கும் 'தாமே' என்ற பள்ளத்தாக்கு வழியாக ஷெர்பா கிராமங்களைத் தொட்டுக்கொண்டே ஏறி, உச்சியில் ஒரு கணவாயைக் கடப்பது. அதுதான் திட்டம். வழிகாட்டி பெம்பா. சுமை தூக்க, கீழ்ப் பள்ளத்தாக்கிலிருந்து வந்த ஜித் ராய். அலுவலகம் முழுக்கத் தம்பட்டம் அடித்துவிட்டுத்தான் விமானம் ஏறியிருந்தான் ஸ்ரீஹரி.

வழியெல்லாம் மணிச் சுவர்கள். மந்திரம் செதுக்கிய கற்களைத் தலைமுறை தலைமுறையாக அடுக்கிய நீளச் சுவர்கள். "சுவர் எப்பவும் வலக்கைப் பக்கம் இருக்கணும் சார்" என்று பெம்பா ஆரம்பித்தபோது, "எங்க ஊர்க் கோயில்ல நாங்க காலங்காலமா அப்படித்தான்ப்பா சுத்தறோம்!" என்று அவன் தோளைத் தட்டியிருந்தான் ஸ்ரீஹரி. பெம்பாவுக்கு அது ரொம்பப் பிடித்துப்போயிற்று. அன்றிலிருந்து அவனை வெறும் வாடிக்கையாளனாக நடத்தவில்லை.

கணவாய்க்குக் கீழே, உயரம் ஒத்துக்கொள்ளாமல் ஸ்ரீஹரிக்குத் தலை பிளந்தது. குடித்த தண்ணீரெல்லாம் வெளியே வந்தது. "மலை இங்கேயேதான் இருக்கும் சார், இறங்கிடலாம்" என்றான் பெம்பா. இறங்கினார்கள்.

இறங்கிய வழியில், தாமேக்கு மேலே ஒரு சின்ன ஊர். பெம்பா விடுதிக் கணக்கை முடிக்க உள்ளே போயிருந்தான். சுவரின் ஓரத்தில் சுமையைச் சாய்த்துவிட்டு ஜித் தண்ணீர் பிடிக்கப் போயிருந்தான். மேல் வரிசையில் இந்தக் கல், சாயம்கூட மங்காமல், புத்தம் புதிதாக. ஆயிரத்தில் ஒன்று. யார் எண்ணப் போகிறார்கள்? வெறுங்கையோடு திரும்புகிற வயிற்றெரிச்சல் வேறு. கை நீண்டது. ஜித் சுமந்துவந்த பையின் ஜிப் திறந்தது, மூடியது.

திரும்பி வந்த ஜித், சுமைப் பட்டையை நெற்றியில் மாட்டித் தூக்கிப் பார்த்துவிட்டுச் சிரித்தான். நேபாளியில் ஏதோ சொன்னான்.

"இறங்கறப்போ பை கனம் ஏறுதாம். மலையை உள்ள போட்டுட்டீங்களான்னு கேக்கறான்" என்று பெம்பா மொழிபெயர்த்தான்.

மூன்று பேரும் சிரித்தார்கள். ஸ்ரீஹரியின் சிரிப்புதான் பலமாக இருந்தது.

வீட்டுக்கு வந்து கல்லை வெளியே எடுத்தபோது, "இது ஏது?" என்று கேட்டாள் நிரஞ்சனா.

"பெம்பாவோட அம்மா குடுத்தாங்க" என்றான்.

இரண்டு கைகளாலும் வாங்கிக் கண்ணில் ஒற்றிக்கொண்டாள். அதன் பிறகு உண்மையைச் சொல்ல அவனுக்கு ஒரு வழியும் இல்லாமல் போயிற்று.

அழைப்பு மணி அடித்தது.

"தீதி!" என்று நிரஞ்சனாவைக் கும்பிட்டுக்கொண்டே உள்ளே வந்தான் பெம்பா. அவர்கள் ஊரில் அக்காவை அப்படித்தான் கூப்பிடுவார்களாம். கோடை முழுக்க ஆல்ப்ஸ் மலையில், மலையேறுபவர்கள் தங்கும் ஒரு குடிலின் சமையலறையில் வேலை பார்த்திருந்தான். பருவம் முடிந்து குடிலைப் பூட்டிவிட்டார்கள். நாளைக்கு ஃபிராங்ஃபர்ட்டிலிருந்து ஊருக்கு விமானம். அதற்கு நடுவில் ஒரு நாள், 'என் தமிழ் சார்' வீட்டில்.

"அந்தக் குடில்ல எல்லாரும் என்கிட்ட ஒரே கேள்விதான் தீதி. எவரெஸ்ட் எத்தனை தடவை ஏறினே? ஒரு தடவைகூட இல்லைன்னா, 'அப்ப நீ நிஜ ஷெர்பாவா'ங்கறாங்க!" ஆங்கிலமும் ஹிந்தியும் கலந்து அவன் சொன்ன விதத்தில் நிரஞ்சனா விழுந்து விழுந்து சிரித்தாள்.

"எங்களையும்தான் கேக்கறாங்க, யோகா தெரியுமான்னு. இவருக்குக் குனிஞ்சு ஷூ லேஸ் கட்டவே வராது!"

சமையலறை மேஜையிலேயே சாப்பாடு. பெம்பா ரசத்தைக் கிண்ணத்தில் வாங்கிக் குடித்தான். நிரஞ்சனா மறுபடி ஊற்ற வந்தபோது கிண்ணத்தைக் கையால் மூடினான். அவள் விடவில்லை.

"எங்க ஊர் மாதிரியேதான்!" என்று கையை எடுத்துவிட்டான். "விருந்தாளி வேண்டாம்னாலும் ஊத்துவோம்."

ஸ்ரீஹரி சோற்றைப் பிசைந்துகொண்டே இருந்தான். ஏதாவது பேச வேண்டுமே என்று கேட்டான். "ஜித் எப்படி இருக்கான்?"

பெம்பாவின் சிரிப்பு அணைந்தது.

"ஜித் இப்ப மேல வர்றதில்லை சார்."

"ஏன், உடம்புக்கு என்ன?"

"உடம்புக்கு ஒண்ணும் இல்லை. நம்ம பயணம் முடிஞ்ச கையோட ஒரு பிரச்சனை. சுவர்ல ஒரு கல்லைக் காணோம். புதுக் கல். அந்த ஊர்ல செத்துப்போன ஒரு அம்மாவுக்காக, அவங்க பிள்ளைங்க லாமாவை வரவழைச்சு வச்சது. அன்னிக்குக் காலையில ஜித் அந்த இடத்துலதான் சுமையைச் சாய்ச்சிருந்தான். ஒரு பாட்டி பார்த்திருக்காங்க. அவன் எங்க ஆள் இல்லை, கீழே இருந்து வர்றவன். அவ்வளவு போதாதா?"

"அடப்பாவமே! அவர் என்ன சொன்னார்?" நிரஞ்சனாவின் கரண்டி நின்றுவிட்டது.

"எல்லார் முன்னாடியும் சுவர்மேல கை வச்சு, பிள்ளைங்க பேரைச் சொல்லி சத்தியம் பண்ணினான் தீதி. 'என் முதுகுல எந்தக் கல்லும் இறங்கிப் போகலை'ன்னு. யாரும் நம்பலை. அந்தப் பள்ளத்தாக்குல யாரும் அவனுக்குச் சுமை குடுக்கறதில்லை. நான் நம்பறேன். அவன் அப்படிப்பட்ட ஆள் இல்லை."

ஸ்ரீஹரி தட்டைப் பார்த்தான். ஜித் அறிந்தவரை அவன் சொன்னது பொய் இல்லை. கல் அவன் முதுகில்தான் இறங்கியது என்பதும் பொய் இல்லை. அந்தச் சத்தியத்தைப் பொய்யாக்கியவன் இங்கே சோறு பிசைந்துகொண்டிருக்கிறான்.

சொல்லிவிடு. இப்போதே சொல்லிவிடு.

"எந்தப் படுபாவி எடுத்தானோ! அதோட அருமை தெரியாத ஜென்மம்" என்றாள் நிரஞ்சனா. சட்டென்று அவள் முகம் மலர்ந்தது. "ஆனா பெம்பா, எங்க வீட்டுல அப்படி இல்லை. இருங்க, உங்களுக்கு ஒண்ணு காட்டறேன்!"

ஹாலுக்கு ஓடினாள். போன வேகத்திலேயே குரல் வந்தது.

"ஹரி! கல்லைக் காணோமே!"

"அது... வருண் வாங்கிட்டுப் போனான். ஃபோட்டோ எடுக்கணும்னு."

"சாமி தட்டுல இருந்ததைத் தூக்கிக் குடுத்தியா? இன்னிக்குப் பார்த்தா?" சமையலறை வாசலில் வந்து நின்று முறைத்தாள். பெம்பா இருவரையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு, அதில் தலையிடாமல் ரசத்தைக் குடித்தான்.

ஏமாற்றத்தை எதன்மீதாவது காட்ட வேண்டும் என்பதுபோல் அவள் பார்வை நாற்காலியில் தொங்கிய பெம்பாவின் கம்பளிச் சட்டைமேல் விழுந்தது. "இது என்ன, ஒரே எண்ணெய் வாடை! இப்பவே போட்டா காலைக்குள்ள காஞ்சிடும்."

"வேண்டாம் நிரு!" ஸ்ரீஹரி எழுந்தேவிட்டான். "அப்புறம் பார்த்துக்கலாம்."

"அப்புறம் எப்ப? நாளைக்கு ஞாயித்துக்கிழமை. மெஷின் போட்டா கீழ்வீட்டு அம்மா சண்டைக்கு வருவாங்க. உனக்குத் தெரியாதா?"

"இல்ல, அதுல என் துணி..."

"உன் துணியும் அழுக்குதானே!" சட்டையை உள்ளே திணித்தாள். கதவைச் சாத்தினாள். பொத்தானை அழுத்தினாள்.

தண்ணீர் இறங்கியது. உருளை மெதுவாக அசைந்தது.

டும்.

"என்னது?" என்றாள் நிரஞ்சனா.

டும்... டும்... டும். மேஜையில் டம்ளர்கள் நடுங்கின. கீழ்வீட்டு அம்மா விளக்குமாற்றுக் காம்பால் தன் கூரையை இடிக்கும் சத்தம் கேட்டது.

"தீதி, நிறுத்துங்க, உள்ள ஏதோ கனமா இருக்கு!" பெம்பா பாய்ந்து பொத்தானை அழுத்தினான்.

உருளை நின்றது. ஆனால் கதவு திறக்கவில்லை. உள்ளேயிருக்கும் தண்ணீர் முழுக்க வடியும்வரை அந்த இயந்திரம் யாருக்கும் கதவைத் திறக்காது. சிவப்பு விளக்கு எரிந்தது. குழாய் வழியே தண்ணீர் களகளவென்று ஓடியது.

இன்னும் நேரம் இருந்தது. கதவு திறப்பதற்குள் சொல்லிவிட்டால், குறைந்தபட்சம் அவனாகச் சொன்னான் என்றாவது இருக்கும். பெம்பா குனிந்து கண்ணாடிக்குள் பார்த்துக்கொண்டிருந்தான். நிரஞ்சனா, "உன் சைக்கிள் பூட்டு ஏதாவது பாக்கெட்ல இருந்துதா?" என்று கேட்டாள். ஸ்ரீஹரி வாயைத் திறந்தான்.

"தெரியலை" என்றான்.

விளக்கு அணைந்தது. க்ளிக்.

நிரஞ்சனா கைவிட்டு ஈரத் துண்டை இழுத்தாள். துண்டு அவிழ்ந்தது. சந்தனமும் குங்குமமும் கரைந்துபோய், நீல எழுத்துகள் பளிச்சென்று, கல் அவள் உள்ளங்கையில் உட்கார்ந்தது.

"வருண்கிட்ட இருக்குன்னியே?" என்றாள் தமிழில்.

அவள் திகைப்பை விழுங்கிக்கொண்டு விருந்தாளியிடம் திரும்பினாள். அப்போதும் அவளுக்குச் சந்தேகம் வரவில்லை. அதுதான் ஸ்ரீஹரியைக் கொன்றது. "பெம்பா, மன்னிச்சுக்கோங்க, இது இங்க எப்படி வந்ததுன்னே புரியலை. உங்க அம்மா குடுத்தது. நாங்க தினமும் விளக்கேத்திக் கும்பிடறோம், நிஜமா."

"எங்க அம்மாவா?"

பெம்பா கல்லை வாங்கி நெற்றியில் தொட்டுக்கொண்டான். திருப்பி, எழுத்துகளின்மேல் கட்டைவிரலை ஓட்டினான். பிறகு நிரஞ்சனாவை விட்டுவிட்டு ஸ்ரீஹரியை மட்டும் பார்த்தான்.

"ஜித் தூக்கின பையிலயா சார்?"

"ஆமா."

நிரஞ்சனாவுக்கு எல்லாம் புரிய ஒரு நிமிஷம் பிடித்தது. புரிந்ததும் ஸ்ரீஹரி பக்கம் திரும்பினாள்.

"என்னைக் கும்பிட வச்சீங்களே" என்றாள். மாமியார் முன்னால் தவிர அவள் அவனை 'நீங்க' என்றதே இல்லை.

"பெம்பா..." ஸ்ரீஹரி அவன் கையிலிருந்த கல்லைக் காட்டினான். "நாளைக்கு நீ எடுத்துட்டுப் போயிடறியா? சுவர்ல வச்சுடு. ஜித்துக்கு என்ன வேணும்னாலும் நான்..."

"என் பையிலயா?" பெம்பா கல்லை மேஜைமேல் வைத்தான், எச்சில் படாத பக்கமாகப் பார்த்து. "அங்க நான் திறந்து காட்டினா, ஜித் போய் அடுத்த திருடன் நானா? முடியாது சார். இது இறங்கின மாதிரி ஏறக் கூடாது. எடுத்த கைதான் கொண்டுவரணும்."

கைப்பேசியை எடுத்து ஜித்தின் எண்ணை அழுத்தினான். அங்கே சாயங்காலம் ஆகியிருக்கும். மணி போய்க்கொண்டே இருந்தது. ஸ்ரீஹரி மனசுக்குள், எடுக்காதே, எடுக்காதே என்று வேண்டிக்கொண்டான். அப்படி வேண்டிக்கொள்கிறோம் என்பது உறைத்ததும் தன்மேலேயே அருவருப்பு வந்தது.

ஜித் எடுத்தான். திரையில் ஜித்தின் முகம், பின்னால் ஒரு பச்சைத் தகரச் சுவர். ஸ்ரீஹரியைப் பார்த்ததும் பல் தெரியச் சிரித்துக் கையாட்டினான். பெம்பா நேபாளியில் நாலு வாக்கியம் பேசிவிட்டு, கேமராவைக் கல்லின் பக்கம் திருப்பினான்.

சிரிப்பு அப்படியே நின்றது. பிறகு ஜித் பேச ஆரம்பித்தான். முதலில் மெதுவாக, பிறகு வேகமாக, பிறகு கத்தி. நடுவில் தன் முதுகை ஒருமுறை கையால் அறைந்துகொண்டான். அது மட்டும் ஸ்ரீஹரிக்கு மொழிபெயர்ப்பு இல்லாமலே புரிந்தது.

அழைப்பு அறுந்தது.

"என்ன சொன்னான்?"

"எல்லாத்தையும் சொல்ல மாட்டேன் சார். தீதி இருக்காங்க." பெம்பா கைப்பேசியைக் கவிழ்த்து வைத்தான். "கடைசியா சொன்னதை மட்டும் சொல்றேன். நீங்க வர்றப்போ அவனும் மேல வருவானாம். ஊர்க்காரங்க பார்க்க உங்க பின்னாடியே நடந்து வருவானாம். ஆனா பையைத் தொட மாட்டானாம்."

நிரஞ்சனா குனிந்து, பெம்பாவின் சட்டையை மறுபடி இயந்திரத்தில் போட்டாள். ஸ்ரீஹரியின் துணிகளை மட்டும் ஒவ்வொன்றாக வெளியே எடுத்துத் தரையில் எறிந்தாள். கதவைச் சாத்திப் பொத்தானை அழுத்தினாள். உருளை இப்போது சத்தமில்லாமல் சுற்றியது.

"சாப்பிடுங்க பெம்பா, ஆறிடும்" என்றாள். பெம்பாவின் கிண்ணத்தில் மட்டும் ரசம் ஊற்றினாள்.

ஸ்ரீஹரி மேஜையிலிருந்த கல்லைத் தூக்கிக்கொண்டு ஹாலுக்குப் போனான். நடுத்தட்டில் அது இருந்த இடம் காலியாக இருந்தது. அங்கே வைக்கக் கை வரவில்லை. தரையில் வைக்கவும் மனசு வரவில்லை. இரண்டு கைகளாலும் ஏந்தியபடி நின்றான், மணிக்கட்டுகள் கடுக்கத் தொடங்கும்வரை.