மேல்கோர்ட்டு எந்த ஊரில்?

புதுச்சேரி கோர்ட்டுக் குமாஸ்தா தபால் அட்டையைப் படித்துவிட்டுத் திருப்பிக் கொடுத்தார். "இது கடலூர் கேஸும்மா. அப்பீலும் கடலூர்லதான் நடக்கும். இங்க எதுக்கு வந்தீங்க?"

கனகாம்பாள் புருஷனை ஒரு பார்வை பார்த்தாள். பாகூரிலிருந்து கடலூர் கூப்பிடு தூரம். அதை விட்டுவிட்டு, விடியற்காலையில் எதிர்த்திசையில் பஸ் ஏற்றி அழைத்து வந்திருந்தான் பச்சையப்பன்.

"மேல்கோர்ட்டுன்னு வக்கீல் எழுதியிருந்தாரே. பெரிய வழக்குன்னா புதுச்சேரின்னுதானே எங்கப்பா காலத்திலேர்ந்து..."

"உங்கப்பா கெடக்குறாரு! சண்ட நடந்த நம்ம கயனி எல்லைக்கு அந்தாண்ட, கடலூர் பக்கந்தான இருக்குது? வாய்யா, ஓடு!"

வக்கீலுக்கு மஞ்சள்காமாலை. 'பதினாலாம் தேதி பதினோரு மணிக்கு நீங்களே போய் நில்லுங்கள். ஆள் இல்லையென்றால் தள்ளுபடிதான்' என்று எழுதியிருந்தார். தள்ளுபடியானால் கீழ்க்கோர்ட்டு போட்ட மூன்று மாத ஜெயில் உறுதி. வாய்க்கால் தகராறில் பங்காளி ஏகநாதனின் காலைப் பச்சையப்பன் மண்வெட்டியால் வெட்டினானாம். நாற்று பிடுங்கும் நேரத்தில் ஆம்பிளை உள்ளே போனால் அவள் ஒற்றை ஆளாய் என்ன செய்வாள்?

பஸ் எல்லைச் சாவடியில் நின்றது. சாராயச் சோதனை. போலீஸ்காரர் ஒவ்வொரு பையாகக் குடைந்துகொண்டிருந்தார்.

"ஐயா, சீக்கிரம் வுடுங்க! இவரு ஜெயிலுக்குப் போவணும்!"

"இன்னாம்மா, நாங்க புடிக்கறதுக்கு முன்னாடியேவா?"

பஸ்ஸே சிரித்தது. கனகாம்பாள் பையைத் தலைகீழாகக் கவிழ்த்தாள். இரண்டு இட்லிப் பொட்டலமும் ஒரு துண்டும் விழுந்தன. "பாத்துக்க சாமி! கோர்ட்டுல பேரு கூப்புடுறாங்க!"

போலீஸ்காரர் பஸ்ஸைப் போகச் சொல்லி விசில் ஊதினார்.

கடலூர் கோர்ட்டு வாசலில் அவர்கள் இறங்கி ஓடியபோது மணி பன்னிரண்டைத் தாண்டியிருந்தது. டவாலிச் சேவகன் கையை விரித்தான். "மூணு தரம் கூப்பிட்டாச்சு. ஆள் இல்ல."

பச்சையப்பன் படியிலேயே உட்கார்ந்துவிட்டான்.

"தள்ளிட்டாங்களா?" என்றாள் கனகாம்பாள்.

"சர்க்கார் வக்கீல் தள்ளச் சொன்னாரு. ஜட்ஜ் ஐயா கேக்கல. ஆள் வரலன்னு அப்பீலத் தள்ளக் கூடாதாம், கேஸ் கட்டைப் படிச்சுத்தான் தீர்ப்புன்னு உக்காந்துட்டாரு. இன்னும் படிக்கிறாரு."

அவள் புருஷனின் சட்டையைப் பிடித்துத் தூக்கி உள்ளே இழுத்துப் போனாள்.

நீதிபதி ஒரு காகிதத்தை உயர்த்திப் பிடித்திருந்தார். "ஆஸ்பத்திரிச் சீட்டுல என்ன எழுதியிருக்கு பாருங்க. வாய்க்கால்ல வழுக்கி, தன் மண்வெட்டி மேலேயே விழுந்ததா ஏகநாதனே டாக்டர்கிட்ட சொல்லியிருக்கார். கீழ்க்கோர்ட்டுல இதை யாரும் பார்க்கலியா?"

சர்க்கார் வக்கீல் காகிதங்களைப் புரட்டினார். புரட்டிக்கொண்டே இருந்தார்.

"அப்பீல் தரப்புல யாராவது உண்டா?"

"இருக்கறமுங்க!" கனகாம்பாளின் குரல் கூரையில் மோதித் திரும்பியது. "இந்தா, இவருதான்!"

நீதிபதி மூக்குக்கண்ணாடிக்கு மேலாகப் பார்த்தார். "தண்டனை ரத்து. விடுதலை."

பச்சையப்பன் கும்பிட்ட கையை இறக்கவில்லை. கனகாம்பாள் டவாலியின் தோள்பட்டையை உலுக்கினாள்.

"அண்ணே, ஐயா சொன்னத இன்னொரு தரம் சொல்லுங்க! கெட்டியாச் சொல்லுங்க!"