மேலிடத்துக்குக் காட்டாத அறிக்கை

"நாளைக்கு கோர்ட்டுல குடுக்கறதுக்கு முன்னாடி, ரிப்போர்ட்ட என்கிட்ட ஒரு தடவ காட்டிட்டுப் போம்மா," என்றார் காவல் கண்காணிப்பாளர். மழை வரும், குடை எடுத்துக்கொண்டு போ என்பதுபோல் சொன்னார்.

எதிரே நின்ற பெண் ஆய்வாளர் உட்காரவில்லை. எந்த அறிக்கையும் மேலே இருப்பவர் கண்ணில் பட்டுத்தான் வெளியே போகும். அவள் வேலைக்குச் சேர்ந்த நாளிலிருந்து அப்படித்தான். மேலே போன காகிதம் திரும்பி வரும்போது சில வரிகள் காணாமல் போயிருக்கும். அதற்குத் திருத்தம் என்று பெயர்.

இந்த வழக்கு வேறு. லாரி மெக்கானிக் ஒருவன் விசாரணைக்கென்று பக்கத்து ஊர்க் காவல் நிலையத்துக்குள் நடந்து போனான். பிணமாக வெளியே வந்தான். மாடிப்படியில் தவறி விழுந்தான் என்று எழுதிக் கோப்பை மூடிவிட்டார்கள். அவன் மனைவி விடவில்லை. உயர் நீதிமன்றம் வரை போய் நின்றாள். அந்த நிலையத்தோடு சம்பந்தமில்லாத அதிகாரி விசாரிக்க வேண்டும், அறிக்கை நேரே நீதிமன்றத்துக்கு வர வேண்டும் என்று உத்தரவானது. வேலை இவள் தலையில் விழுந்தது. இரண்டு ஊர்களும் இந்தக் கண்காணிப்பாளரின் கீழ்தான். அந்த நிலையத்து அதிகாரி அவர் கைதூக்கிவிட்ட ஆள்.

"நேரா கோர்ட்டுக்குன்னு உத்தரவுல இருக்குங்க சார்."

"நேராத்தானே குடுக்கப்போற? நடுவுல நான் பார்த்தா காகிதம் கோணிக்குமா?"

"கோணாது சார். குட்டையாயிடும்."

அவர் வாய்விட்டுச் சிரித்தார். பிறகு கேட்டார்: "அந்த ரேடியோ ஏதாச்சும் பாடிச்சா?"

ரேடியோ, அன்று அந்த நிலையத்தில் பாராவுக்கு நின்ற ஏட்டு. ஓயாத பேச்சால் வந்த பெயர். மெக்கானிக் செத்த நாளிலிருந்து மூச்சுவிடவில்லை. அவள் வீடு தேடிப் போனபோது ஏட்டின் மனைவிதான் வாசலை மறித்தாள். "கல்யாணம் ஆனதுலேர்ந்து வாய மூடுங்க, மூடுங்கன்னு தலையால அடிச்சுக்கிட்டேன். இப்பதான் மூடியிருக்காரு. நீங்க வந்து தொறந்துவிடாதீங்க மேடம்!" சொன்னவளே சற்றுப் பொறுத்து, "சோறு எறங்க மாட்டேங்குது அவருக்கு," என்று வழிவிட்டாள்.

"பார்த்தத சொல்றேன்," என்றார் ரேடியோ. "ஆனா போலீஸ் எழுதற வாக்குமூலத்துல சொல்ல மாட்டேன். நானே எத்தனை எழுதியிருக்கேன், எனக்குத் தெரியாதா?"

மாஜிஸ்திரேட்டிடம் சொல்லச் சம்மதித்தார். அறிக்கையின் கடைசிப் பத்தி அதற்கான வேண்டுகோள்தான். கண்காணிப்பாளர் அதைப் படித்தால், பொழுது சாய்வதற்குள் ரேடியோ கண்காணாத இடத்துக்கு மாற்றலாகிவிடுவார். போவதற்குமுன் யாராவது அவரைக் கூப்பிட்டு வைத்துப் பேசுவார்கள்.

"மன்னிச்சுக்கங்க சார். காட்டவும் முடியாது, சொல்லவும் முடியாது."

"கோர்ட்டு ஒருநாள் கேஸ முடிச்சுடும்மா. நீ திரும்பி வரவேண்டிய இடம் இது."

"தெரியும் சார். அதான் ஒளிஞ்சுக்காம நேர்ல சொல்லிட்டுப் போறேன்."

சல்யூட் அடித்துவிட்டு வெளியே வந்தாள்.

மறுநாள் நீதிபதி அறிக்கையைக் கடைசி வரி வரை படித்தார்.

"இதை உங்களுக்கு மேல யாராவது பார்த்தாங்களா?"

"இல்லைங்கய்யா."

"பார்க்கணும்னு யாராவது கேட்டாங்களா?"

இதை அவள் எதிர்பார்க்கவில்லை. அரசு வழக்கறிஞர் சட்டென்று திரும்பிப் பார்த்தார். இல்லை என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும், திரும்பிப் போக அவளுக்கு ஓர் இடம் மிஞ்சும். ஆனால் அவளிடம் கேட்ட கண்காணிப்பாளர் இன்றே ரேடியோவையும் கூப்பிட்டுக் கேட்பார். சொல்ல முடியாது என்று மறுக்கும் தைரியம் அந்த ஏட்டுக்கு எத்தனை நேரம் தாங்கும்?

"கேட்டாங்கய்யா."

"யாரு?"

"எஸ்.பி. சார்."

வழக்கறிஞர் ஏதோ சொல்ல எழுந்தார். நீதிபதி அவரைக் கையமர்த்திவிட்டு உத்தரவைச் சொல்லத் தொடங்கினார். சாட்சியின் வாக்குமூலத்தை மாஜிஸ்திரேட் இன்றே பதிவு செய்ய வேண்டும். நீதிமன்ற அனுமதியில்லாமல் சாட்சியையோ ஆய்வாளரையோ இடம் மாற்றக் கூடாது. கண்காணிப்பாளர் நேரில் வந்து விளக்கம் தர வேண்டும்.

மாஜிஸ்திரேட் அறை வாசலுக்கு ரேடியோ சீருடை இல்லாமல் வந்தார். "சுருக்கமா பேசுங்க, அவங்களுக்கு வேற வேலை இருக்காதா," என்று மனைவி அவர் காலரைச் சரிசெய்தாள். விரல்கள் காலரை விட்டு வரவில்லை.

ஆய்வாளரும் பழக்கதோஷத்தில் அவரோடு உள்ளே நுழைந்தாள். மாஜிஸ்திரேட் நிமிர்ந்தார்.

"சாட்சி மட்டும். போலீஸ் யாரும் இருக்கக் கூடாது."

"அய்யா, நான்தான் விசாரணை..."

"நீங்களும் போலீஸ்தானே?"

ரேடியோ போகாதீங்க என்பதுபோல் அவளைப் பார்த்தார்.

"எல்லாத்தையும் சொல்லுங்க ஏட்டய்யா," என்றாள் அவள். "என் விசாரணையில குறை இருந்தா அதையும் சொல்லுங்க."

வெளியே வந்து கதவைத் தானே சாத்தினாள். மெக்கானிக்கின் மனைவி ஓடிவந்தாள்.

"என்னம்மா சொல்றாரு உள்ள?"

"தெரியாதும்மா. எனக்கு இப்ப தெரியக் கூடாது."

நடைகூடத்தின் கோடியில் காக்கிச் சட்டைக்காரர்கள் இரண்டு பேர் இந்தப் பக்கமாக வந்துகொண்டிருந்தார்கள். ஆய்வாளர் கதவுக்கு முதுகைக் கொடுத்து நின்றாள்.