கேமராவைப் பார்த்து ஒரு சிரிப்பு

திருவண்ணாமலை மலையடியில் உள்ள அடி அண்ணாமலை என்ற ஊரைச் சேர்ந்த கண்ணாயிரம் பதினான்கு படங்களில் நடித்திருந்தார், பன்னிரண்டில் செத்துப்போயிருந்தார். கதாநாயகனின் அண்ணன், நேர்மையான கணக்குப்பிள்ளை, உண்மையைச் சொல்ல வாயெடுக்கும் வாட்ச்மேன் என்று எந்த வேஷம் கொடுத்தாலும் இடைவேளைக்கு முன்னாலேயே அவர் கதை முடிந்துவிடும். ஊருக்கு வந்து பஸ்ஸை விட்டு இறங்கினால், "மாமா, இந்தத் தபா குண்டா, லாரியா?" என்று பக்கத்து வீட்டு இருசப்பன் கேட்பான். "விஷம்டா" என்பார் அவரும் சிரித்துக்கொண்டே.

அவர் மனைவி உண்ணாமலைக்கு மட்டும் அது சிரிப்பாக இல்லை. எழுபத்து நாலில் முதல் படம் டவுன் கொட்டகைக்கு வந்தபோது பட்டுப்புடவை கட்டிக்கொண்டு போனாள். திரையில் புருஷன் பாடையில் கிடக்க, யாரோ ஒருத்தி அவர்மேல் விழுந்து அழுது தாலியைக் கழற்றினாள். உண்ணாமலை தன் தாலியைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டு ஓடியவள், அம்மன் சன்னதியில் போய்த்தான் நின்றாள். குங்கும அர்ச்சனை முடிந்து வீட்டுக்கு வந்தும் நடுக்கம் நிற்கவில்லை. அதற்கப்புறம் அவர் நடித்த எதையும் அவள் பார்த்ததில்லை. கண்ணாயிரமும் வற்புறுத்தவில்லை. ஆனால் தன் வேலையை அவள் ஒரு தடவையாவது முழுசாகப் பார்க்கவேண்டும் என்ற ஆசை அவருக்குள் இருந்துகொண்டே இருந்தது.

எண்பத்தாறில் சென்னைத் தொலைக்காட்சி நாடகம் ஒன்று கிடைத்தது. தலைமையாசிரியர் வேஷம், கடைசிவரை உயிரோடு இருப்பார். அவர் எழுதிய கடிதாசு வந்ததும் உண்ணாமலை தெருவெல்லாம் சொல்லிவிட்டாள்: "இதுல அவருக்கு ஒண்ணும் ஆவாதாம்."

படப்பிடிப்பின் கடைசி நாளில் டைரக்டர் கதையை மாற்றிவிட்டார். "முடிவு சப்புனு இருக்கு சார். நீங்க போயிட்டாதான் ஜனம் அழும்." மறுத்துப் பேசுகிற இடத்திலா கண்ணாயிரம் இருந்தார்? செத்துக் கொடுத்துவிட்டு வந்தார்.

நாடகத்தன்று சாயங்காலம் தலை நிறையப் பூ வைத்துக்கொண்டு உண்ணாமலை கிளம்பினாள். தெருவில் டி.வி. இருந்தது இருசப்பன் வீட்டில் மட்டும்தான். அந்த வாசல் வந்ததும் கண்ணாயிரம் நின்றுவிட்டார். சொல்லாமல் விட்டால் பாதி நாடகத்தையாவது அவள் சந்தோஷமாகப் பார்ப்பாள். ஆனாலும், இவ்வளவு நம்பி வருகிறவளை ஏமாற்றி உட்காரவைக்க அவருக்கு மனசு வரவில்லை.

"உண்ணாமலை, இதுலயும் செத்துட்டேன்."

"இருப்பேன்னு எழுதினீங்களே?"

"மாத்திட்டாங்க. நீ வூட்டுக்குப் போ. நான் எதனா சொல்லிக்கிறேன்."

அவள் நகரவில்லை. இத்தனை வருஷமாகக் கேட்காமல் வைத்திருந்ததை அப்போதுதான் கேட்டாள். "மாலை போட்டுப் படுக்கறீங்களே, அதுக்குப் பரிகாரம்னு எதனா செய்வாங்களா அங்க?"

"செய்வாங்க. கட் சொன்னதும் மாலையோட எழுந்து, கேமராவப் பாத்து ஒரு தபா சிரிக்கணும். அதையும் படம் புடிச்சிடுவாங்க. சிரிக்காம எவனையும் வூட்டுக்கு அனுப்ப மாட்டாங்க."

"அதக் காட்ட மாட்டாங்களா?"

"வெட்டிப் போட்டுடுவாங்க. அது சாமிக்கு மட்டும்தான்."

உண்ணாமலை மலையைப் பார்த்துக் கையெடுத்துக் கும்பிட்டாள். "வாங்க" என்று உள்ளே போனாள்.

தலைமையாசிரியர் வகுப்பறையில் சாய்ந்தார். மாலை விழுந்தது. பார்க்க வந்திருந்த பெண்கள் முந்தானையை வாயில் வைத்து அழுதார்கள். உண்ணாமலையின் கை தாலிக்குப் போயிற்று. சட்டென்று டி.வி.யை விட்டுத் திரும்பி, சுவரோரம் இருந்த புருஷனைப் பார்த்தாள்.

"சிரிங்க."

முதலில் அவருக்கு வரவில்லை. கண்தான் கலங்கிற்று. பிறகு அவள் முகத்தையே பார்த்துக்கொண்டு வாய்விட்டுச் சிரித்தார்.

"ஏன் அண்ணே, நாங்க இங்க ஒப்பாரி வெக்கறோம், நீங்க பல்லக் காட்டறீங்களே!" என்று எதிர்வீட்டுத் திரௌபதி சண்டைக்கு வந்தாள்.

"நீ அழுடி. அவரு சிரிக்கட்டும்" என்ற உண்ணாமலை, திரும்பவும் டி.வி. பக்கம் நகர்ந்து உட்கார்ந்தாள். மாணவர்கள் பாடை தூக்கியது, மழை வந்தது எல்லாவற்றையும் கடைசி வரைக்கும் கண் எடுக்காமல் பார்த்தாள்.

வீடு திரும்பும்போது சொன்னாள்: "படுத்திருந்தப்ப உங்க இமை லேசா ஆடிச்சு."

கண்ணாயிரத்துக்கு வெட்கமாகப் போயிற்று. "ஆடிச்சா? தப்பாச்சே."

"எனக்கு அதுதாங்க புடிச்சிருந்தது" என்றாள் உண்ணாமலை.